கோர்ட் கேட்டது இடத்தை மட்டும்

அன்று மில் வாசலில் இருந்தவர்களை முதலில் சொல்லிவிடுகிறேன்.

கோர்ட் உத்தரவை நிறைவேற்றுகிற அமீனா ஒருவர். கையில் வாரண்ட் வைத்திருந்தார். கட்டிடச் சொந்தக்காரரின் மாப்பிள்ளை ஒருவர், வெள்ளைச் சட்டையில். அவர் பக்கத்து வக்கீலின் ஜூனியர் ஒருவர். பெண் போலீஸ் ஒருவர். மாவு மில்லை நடத்திவந்த கோமதி அம்மா. மிளகாய் அரைக்க வந்திருந்த எதிர்வீட்டு மாமி. கேஸ் சிலிண்டரோடு காஜா. இரும்பு வெட்டுகிறவன், மாப்பிள்ளை கூட்டிவந்திருந்தார். என்னோடு வந்த சேகரும் அந்தோணியும். கடைசியாக நான்.

கோமதி அம்மாவின் மகன் முரளி அங்கே இல்லை. மதுரையில், ஹைகோர்ட்டில், வக்கீலோடு நின்றிருந்தான். ஆனாலும் அன்று முழுக்க எல்லோருடைய நினைப்பும் அவன் மேல்தான் இருந்தது.

நான் கலாசி. கனமான மெஷினை இருக்கிற இடத்திலிருந்து கிளப்பி, சொன்ன இடத்தில் உட்காரவைப்பது என் வேலை. பொன்மலை ரயில் பட்டறையில் காண்டிராக்ட் ஆளாக இருந்து கற்றுக்கொண்டேன். அப்புறம் அரியமங்கலம் பட்டறைகளில் காலம் ஓடியது. படிப்பு ஐந்தாவது. இப்போது முதுகு ஒத்துழைக்கவில்லை, வீட்டில் இருக்கிறேன். நீங்கள் இந்த வேலைக்குப் புதிதாக வந்திருக்கிறீர்கள். செயின் பிளாக்கை எங்கே மாட்டுவது, உருளைக் குழாயை எப்படிப் போடுவது என்பதெல்லாம் பார்க்கப் பார்க்க வந்துவிடும். அதைச் சொல்லப்போவதில்லை. கோர்ட் வேலைக்குக் கூப்பிட்டால் எப்படி நடந்துகொள்வது என்று கேட்டீர்கள். அதற்கு இந்த ஒரு நாள் போதும்.

மற்ற வேலைக்கும் கோர்ட் வேலைக்கும் வித்தியாசம் ஒன்றுதான். மற்ற இடத்தில் மெஷின்காரர்தான் நம்மைக் கூப்பிடுவார். டீ வாங்கித் தருவார். கோர்ட் வேலையில், நாம் வந்துவிடக்கூடாதே என்று மெஷின்காரர் சாமி கும்பிட்டுக்கொண்டிருப்பார்.

ஸ்ரீரங்கத்தில் அது ஒரு வெளிவீதி. சித்திரைத் தேர் முடிந்த வாரம். வருஷத்துக்கு ஆகிற மிளகாய்ப்பொடியை வீடுகளில் அரைத்து வைக்கிற காலம். மில்லுக்கு அதுதான் அறுவடை. கோமதி அம்மா வாடகைக் கட்டிடத்தில் மில் நடத்தினார். புருஷன் இருந்தபோது அவர் நடத்தினார், போன பிறகு இந்த அம்மா. கட்டிடக்காரர் இடித்துவிட்டு லாட்ஜ் கட்ட வேண்டும் என்று கேஸ் போட்டார், ஜெயித்தார். அதில் தப்பு சொல்ல ஒன்றும் இல்லை. அவர் இடம்.

கோமதி அம்மாவும் இடத்தை விடமாட்டேன் என்று சொல்லவில்லை. திருவானைக்காவலில் வேறு இடம் பார்த்துவிட்டார். அங்கே மில்லுக்கு வேண்டிய கரண்ட் கனெக்‌ஷன் இன்னும் வரவில்லை. அது வருகிறவரை அவகாசம் வேண்டும். இங்கே நிறுத்திவிட்டு அங்கே தொடங்க முடியாமல் போனால் வாடிக்கை வேறு மில்லுக்குப் போய்விடும். போன டப்பா திரும்பி வராது. அவ்வளவுதான் அந்த அம்மாவின் கவலை. அதற்காகத்தான் மகன் மதுரையில் தடை கேட்டு நின்றான். தடை வருவதற்குள் மெஷினை எல்லாம் வெளியே வைத்து, சாவி கைமாறிவிட்டால் அப்புறம் அந்தத் தடைக்கு வேலை இல்லை. சாயங்காலத்துக்குள் முடிக்க வேண்டும் என்று அமீனாவுக்கு உத்தரவு. இதுதான் நிலவரம்.

நாங்கள் போனபோது மிளகாய் மெஷின் ஓடிக்கொண்டிருந்தது. உள்ளே கால் வைக்க முடியவில்லை. நெடி. அமீனா வாரண்டைப் படிக்க ஆரம்பித்தார், தும்மல் வந்தது. மறுபடி ஆரம்பித்தார், மறுபடி தும்மினார்.

"அம்மா, மெஷினை நிறுத்தச் சொல்லுங்க" என்றார் ஜூனியர் வக்கீல், மூக்கைப் பொத்திக்கொண்டு.

எதிர்வீட்டு மாமிதான் பேசினார்.

"எங்காத்து மொளகா அரைபட்டுண்டிருக்கு. பாதில நிறுத்தினா பாதி பொடி, பாதி வத்தல். அதை யார் தின்பா? நீங்க தின்பேளா?"

"மாமி, இது கோர்ட் உத்தரவு."

"இருக்கட்டுமே. எங்காத்து மொளகாய்க்கும் சேர்த்தா உத்தரவு போட்டிருக்கா?"

பெண் போலீஸ் சிரித்துவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார். மாமி அதற்குள் தெருவைப் பார்த்துக் கையைக் காட்டினார். வரிசையாக டப்பாக்கள் வந்தன. மல்லி, கோதுமை, சீயக்காய், மறுபடி மிளகாய். எல்லோருக்கும் அன்றைக்கே, அந்த நேரத்துக்கே அரைத்தாக வேண்டும்.

அமீனா நல்ல மனிதர். ஆனால் ஏமாளி இல்லை. வாசலில் நின்ற டப்பாக்களைப் பார்த்தார்.

"உள்ள இருக்கிறதை அரைச்சுக் குடுத்துருங்க. வாசல்ல இருக்கிறது வாசலோட போகட்டும். இனிமே ஒரு டப்பா உள்ள வரக்கூடாது" என்றார். அப்புறம் மாப்பிள்ளையிடம், "சார், கொஞ்சம் தள்ளி நில்லுங்க. உங்களுக்கும் சேர்த்து நானே தும்மிக்கிட்டு இருக்கேன்" என்றார்.

அரைத்து முடிந்தது. அமீனா மெயினை அணைக்கச் சொன்னார். கோமதி அம்மா அணைத்தார். பெல்ட் மெதுவாகச் சுற்றி நின்றது. சத்தம் நின்றதும் அந்த இடம் பெரிதானது மாதிரி இருந்தது.

எங்கள் வேலை தொடங்கியது. இரண்டு மெஷின், இரண்டு மோட்டார். ஒன்று மிளகாய்க்கு, ஒன்று மாவுக்கு. ஒவ்வொன்றுக்கும் நாலு கால். ஒவ்வொரு காலிலும் ஒரு போல்ட், தரையில் பதித்த இரும்புச் சட்டத்தோடு சேர்த்து முடுக்கியிருந்தது. ஆகப் பதினாறு போல்ட். பழைய மெஷின். அங்குலக் கணக்கு மரை. அந்த போல்ட் இப்போது கடையில் கிடைப்பதில்லை.

நான் முதலில் ஸ்பானரை எடுக்கவில்லை. புள்ளி அடிக்கிற பஞ்ச் உளியையும் சுத்தியலையும் எடுத்தேன். முதல் காலில் ஒரு புள்ளி அடித்தேன். அதன் போல்ட் தலையில் ஒரு புள்ளி. காலுக்கு அடியில் மட்டத்துக்காகக் கொடுத்திருந்த தகட்டில் ஒரு புள்ளி. இரண்டாவது காலுக்கு எல்லாவற்றிலும் இரண்டு புள்ளி. இப்படியே போனேன். எந்தத் தகடு எந்தக் காலுக்கு என்று தெரியாமல் போனால் மெஷினும் மோட்டாரும் நேர்க்கோட்டில் உட்காராது. பெல்ட் நழுவும். அப்புறம் நாலு நாள் தள்ளிப் பார்த்தாலும் ஓடாது.

மாப்பிள்ளைக்குப் பொறுக்கவில்லை.

"என்ன மேஸ்திரி, புள்ளி வச்சுக்கிட்டு இருக்கீங்க. கோலம் போடப் போறீங்களா?"

"ஆமாங்க. வாசல் தெளிச்சாச்சுல்ல" என்றான் சேகர். நான் அவனை முறைத்தேன். வேலை இடத்தில் வாய் கூடாது.

"தெருவுல கிடக்கப்போற மெஷினுக்கு எதுக்கு இவ்வளவு சோடிப்பு? காஜா, பத்த வைப்பா. எல்லாக் காலையும் வெட்டிவிடு. தூக்கி வெளிய வைக்கட்டும்."

காஜா பீடியைக் கீழே போட்டான். என்னைப் பார்த்தான். அவனும் அரியமங்கலத்துக்காரன்தான். எத்தனையோ இடத்தில் சேர்ந்து வேலை செய்திருக்கிறோம்.

"வெட்டச் சொன்னா வெட்டுவேண்ணே. வேணாம்னா டீ குடிப்பேன். எனக்கு ரெண்டும் ஒரே கூலி."

மெஷின் கால் வார்ப்பு இரும்பு. அதை ஒட்டி கேஸ் சூடு பட்டால் விரிசல் விடும். கால் விரிந்த மெஷின் காயலான் கடைக்குத்தான் போகும். அது காஜாவுக்கும் தெரியும். அதனால்தான் என்னைப் பார்த்தான்.

நான் மாப்பிள்ளையிடம் பேசவில்லை. அமீனாவிடம் போனேன். கோர்ட் வேலையில் நமக்கு முதலாளி அமீனா ஒருவர்தான். கூலி யார் கொடுத்தாலும் சரி. இதை மறக்காதீர்கள்.

"சார், கோர்ட் என்ன கேட்டிருக்கு?"

"இடத்தைக் காலி பண்ணி ஒப்படைக்கணும்."

"மெஷினைக் கேட்டிருக்கா?"

"இல்ல. அது அந்த அம்மாவோடது."

"வெட்டினா கால் விரியுங்க. அப்புறம் அது மெஷின் இல்ல. பழைய இரும்பு."

அமீனா தாடையைத் தடவினார். "கழட்டினா எவ்வளவு நேரம்?"

இங்கேதான் நாக்கு புரளும் தம்பிகளா. பாவம் அந்த அம்மா என்று நினைத்தால் ராத்திரி ஆகும் என்று சொல்லலாம். கூலி கொடுக்கிறவரை நினைத்தால் ஒரு மணி நேரம் என்று சொல்லலாம். நான் கணக்குப் போட்டேன்.

"வெட்டினா இப்பவே முடிஞ்சிரும். கழட்டினா நாலரை, அஞ்சு ஆகும். அதுக்கு மேல ஆகாது."

"அஞ்சுக்குள்ள முடியுமா? சத்தியமா?"

"முடியும்."

"கழட்டுங்க" என்றார். மாப்பிள்ளையைப் பார்த்து, "சார், இடத்தை இன்னைக்கே தரேன். அந்த அம்மா சொத்துல நான் கை வச்சா நாளைக்கு என் மேல பெட்டிஷன் வரும்" என்றார்.

காஜா டீக் கடைக்குப் போனான்.

மாவு மெஷினும் அதன் மோட்டாரும் சிக்கல் இல்லாமல் வந்தன. ஒவ்வொரு போல்ட்டையும் கழட்டியதும் அதன் தகட்டோடு சேர்த்துக் கம்பியில் கட்டினேன். உருளைக் குழாய் போட்டு மெஷினை வாசலுக்கு நகர்த்தினோம். தெருவில் பலகை போட்டு அதன் மேல் ஏற்றினோம். மண்ணில் வைக்கவில்லை. தார்ப்பாய் போட்டு மூடினோம். மாமி அவர் வீட்டு வாசலிலிருந்து பார்த்துக்கொண்டே இருந்தார். எங்களோடு பேசவில்லை. எங்களை எமதூதர் என்று நினைத்திருப்பார்.

கோமதி அம்மா மோர் கொண்டுவந்தார். எல்லோருக்கும் கொடுத்தார், அமீனாவுக்கும் மாப்பிள்ளைக்கும்கூட. என்னிடம் வந்தபோது குரலைத் தணித்தார்.

"அண்ணே, முரளி போன் பண்ணினான். எங்க கேஸு மத்தியானத்துக்கு மேலதான் வருமாம். ஒரே ஒரு போல்ட்டு கழலலன்னு சொல்லுங்கண்ணே. போதும்."

"கழலுதும்மா."

"கழலட்டும். கழலலன்னு சொல்லுங்க. யாருக்குத் தெரியும்?"

"எனக்குத் தெரியுமே."

"எங்க வயித்துல அடிக்கிறீங்கண்ணே."

நான் மோரைக் குடித்தேன். டம்ளரைக் கொடுத்தேன். அமீனாவிடம் அஞ்சு என்று சொல்லியிருந்தேன். அந்தச் சொல்லை நம்பித்தான் அவர் காஜாவை நிறுத்தினார். நான் ஒரு போல்ட்டில் பொய் சொன்னால், அடுத்த தடவை எந்தக் கலாசி "கழட்டலாம்" என்று சொன்னாலும் எந்த அமீனாவும் கேட்கமாட்டார். எல்லா மெஷினையும் வெட்டுவார்கள். அந்த அம்மாவிடம் இதைச் சொல்லத் தெரியவில்லை. திரும்பி வேலையைப் பார்த்தேன்.

அப்புறம்தான் நிஜமாகவே ஒரு போல்ட் கழலவில்லை.

மிளகாய் மெஷின், மூன்றாவது கால். மற்ற மூன்றும் வந்துவிட்டன. இதை மட்டும் திருகினால் போல்ட்டே சேர்ந்து சுற்றியது. டீசல் ஊற்றினேன். ஊறவைத்தேன். முதலில் கொஞ்சம் இறுக்கிப் பார்த்தேன். ஸ்பானரில் குழாயைக் கொடுத்து நானும் அந்தோணியும் தொங்கினோம். சுற்றியது, கழலவில்லை. சம்மட்டியை எடுத்துக் காலைத் தட்டினேன். ஒவ்வொரு தட்டுக்கும் மெஷின் கணீர் கணீர் என்றது.

மாப்பிள்ளை கடிகாரத்தைப் பார்த்தார். ஜூனியர் வக்கீல் காஜாவைக் கூப்பிட ஆள் அனுப்பலாமா என்று கேட்டார். அமீனா, "அரை மணி பாப்போம்" என்றார்.

கோமதி அம்மா சுவரோரம் நின்றிருந்தார். கேட்டது அவருக்குக் கிடைத்துவிட்டது. நான் பொய் சொல்லாமலே போல்ட் நின்றது. ஒன்றும் செய்யாமல் நின்றால் போதும், அரை மணி லாபம்.

நான் இன்னொரு தட்டு தட்டினேன். பலமாக.

"அடிக்காதீங்க!"

எல்லோரும் திரும்பினோம். அந்த அம்மா மெஷின் பக்கத்தில் வந்துவிட்டார். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு தரையில் குனிந்தார்.

"கீழ இன்னொரு நட்டு இருக்குண்ணே. இந்தக் கால் ஆடுதுன்னு அவரு போட்டது. பொடி மூடிக்கிடக்கு, வெளிய தெரியாது. அதைப் பிடிச்சுக்கிட்டு மேல திருகுங்க. வரும்."

விரலால் சுரண்டிக் காட்டினார். வருஷக்கணக்கான மிளகாய்ப்பொடி, எண்ணெயோடு சேர்ந்து தார் மாதிரி இறுகியிருந்தது. அதற்குள் நட்டு. நானாகப் பார்த்திருந்தால் கண்டுபிடித்திருக்க மாட்டேன்.

அந்தோணி கீழே பிடித்தான். நான் மேலே திருகினேன். வந்தது.

அந்த அம்மா எழுந்து கையைத் துடைத்துக்கொண்டார். முகத்தில் ஒன்றும் இல்லை. சேகர் என் காதில், "இவங்களுக்குத்தானே நேரம் வேணும்?" என்றான். மெஷினை ஒருவன் தப்பாக அடிக்கும்போது பார்த்துக்கொண்டு நிற்க முடியாதவர்கள் இருக்கிறார்கள். அவர்கள் நம்ம ஜாதி. அதற்கு வேறு விளக்கம் எனக்குத் தெரியாது.

மிளகாய் மெஷின் தெருவுக்குப் போனது. மிச்சம் ஒரு மோட்டார். நாலு போல்ட்டில் மூன்று வந்துவிட்டது. கடைசி நட்டில் ஸ்பானரை மாட்டி அரைச் சுற்று சுற்றியிருப்பேன். நட்டு இளகிவிட்டது. இனிமேல் விரலாலேயே கழட்டலாம்.

கோமதி அம்மாவின் போன் அடித்தது.

காதில் வைத்துக் கேட்டார். அப்புறம் போனை அமீனாவிடம் நீட்டினார். முரளி உத்தரவைப் போட்டோ எடுத்து அனுப்பியிருந்தான். ஆறு வாரம் அவகாசம். அதற்குள் தானாகக் காலி செய்துவிடுவதாக இந்த அம்மா எழுதிக்கொடுக்க வேண்டும்.

"போட்டோவை வச்சு வாரண்டை நிறுத்துவீங்களா சார்? நாளைக்கு நானும் ஒரு போட்டோ அனுப்புறேன்" என்றார் ஜூனியர் வக்கீல்.

"நிறுத்த மாட்டேன். எங்க ஆபீஸ்ல சொல்லட்டும்" என்றார் அமீனா. தன் போனை எடுத்துக்கொண்டு தெருப் பக்கம் போனார். சிக்னல் அங்கேதான் கிடைத்தது.

மாப்பிள்ளை என் பக்கத்தில் வந்து குந்தினார். முதல் தடவையாக மரியாதை கூடியது.

"அண்ணே. ஒரு நட்டுதானே. அவர் பேசி முடிக்கிறதுக்குள்ள எடுத்துருங்க. மோட்டாரை ரெண்டடி நகத்துங்க, கதவைச் சாத்திரலாம். போன் வர்றதுக்கு முன்னாடியே முடிஞ்சதுன்னு சொல்லுங்க. உங்களை நான் கவனிச்சுக்கிறேன்."

கோமதி அம்மா அதைக் கேட்டார். என்னைத்தான் பார்த்தார். மத்தியானம் இதே மாதிரி ஒரு வேண்டுதலை அவர் என்னிடம் வைத்திருந்தார். நான் மறுத்திருந்தேன். இப்போது என்ன செய்வேன் என்று அவருக்குத் தெரியாது.

அமீனா என்னை நிறுத்தச் சொல்லவில்லை. சட்டப்படி நான் வேலை செய்யலாம். கை ஸ்பானரில் இருந்தது. ஆனால் யாரைக் கேட்டுத் தொடங்கினேனோ அவர் முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார். அவர் முதுகுக்குப் பின்னால் நான் ஒரு நட்டுகூடத் திருக மாட்டேன்.

ஸ்பானரைக் கழட்டித் தரையில் வைத்தேன். எல்லோருக்கும் கேட்கிற மாதிரி வைத்தேன்.

"சார் வரட்டுங்க" என்றேன்.

அமீனா வந்தார். "ஆபீஸ்ல சொல்லிட்டாங்க. நிறுத்துங்க" என்றார். ஸ்பானர் கீழே கிடப்பதைப் பார்த்தார், மாப்பிள்ளையைப் பார்த்தார், என்னைப் பார்த்தார். சாவி கைமாறவில்லை, மோட்டார் அதன் இடத்திலேயே இருந்தது, ஒப்படைப்பு நடக்கவில்லை என்று ரிப்போர்ட் எழுதினார். நான் கையெழுத்துப் போட்டேன். என் பேரை எழுத எனக்கு நேரம் ஆகும். காத்திருந்தார்.

கோமதி அம்மா சந்தோஷப்படவில்லை. தெருவைப் பார்த்தார். மூன்று உருப்படி தார்ப்பாய்க்குள் கிடந்தது. மேற்கே மேகம் கறுத்திருந்தது. கோடை மழை.

"இதை யாரு உள்ள வைப்பா?" என்றார் மெதுவாக.

அமீனா, "அது வாரண்ட்ல இல்லம்மா" என்றார். உண்மைதான். மாப்பிள்ளை அதற்குள் காரில் ஏறிவிட்டார்.

சேகர் என்னைப் பார்த்தான். "இறக்கினது நாமதானே?" என்றேன். அவன் தலையில் அடித்துக்கொண்டு உருளைக் குழாயை எடுத்தான். டீக் கடையிலிருந்து வந்த காஜாவும் கை கொடுத்தான். வெட்டாமல் இருந்ததற்கு வாங்கிய கூலியைக் கழிக்கிறானாம்.

புள்ளி இருந்ததால் யோசிக்க வேலை இல்லை. ஒரு புள்ளிக் காலுக்கு ஒரு புள்ளித் தகடு. மூன்று புள்ளிக்கு மூன்று. அடி நட்டை கோமதி அம்மாவே குனிந்து மாட்டினார். மழை தூறத் தொடங்கியபோது கடைசி மெஷினும் வாசலைத் தாண்டி உள்ளே வந்திருந்தது.

வெளிச்சம் இருக்கும்போதே அந்த அம்மா மெயினைப் போட்டார். பெல்ட் சுற்றியது. ஒரு நூல்கூட விலகவில்லை. நான் பெல்ட்டையே பார்த்துக்கொண்டு நின்றேன். என் வேலையில் நான் பெருமைப்பட்ட இடம் என்று கேட்டால் அந்தப் பெல்ட் ஓடியதைத்தான் சொல்வேன். பொன்மலையில் எவ்வளவோ பெரிய மெஷின் ஏற்றியிருக்கிறேன். அது வேறு.

முதல் டப்பாவோடு மாமி வந்தார். "கோதுமை. சன்னமா அரை" என்றார் கோமதி அம்மாவிடம். என்னைப் பார்த்து, "நீங்களும் மனுஷாதான்" என்றார். அது பாராட்டா என்று தெரியவில்லை. வாங்கிக்கொண்டேன்.

தடை என்றால் ஜெயித்தது என்று நினைக்காதீர்கள். தடை என்றால் நேரம். அந்த நேரத்தில் திருவானைக்காவலுக்குக் கரண்ட் வந்தது. ஆறு வாரம் முடிவதற்கு முன்பே கோமதி அம்மா என்னைக் கூப்பிட்டார். இந்தத் தடவை மெஷின்காரரே கூப்பிட்டார். அமீனா இல்லை, போலீஸ் இல்லை. முரளி டீ வாங்கி வந்தான்.

நான்கு உருப்படியையும் வெளியே எடுத்தோம். மாப்பிள்ளை சாவி வாங்க வந்தார். கோமதி அம்மா இடத்தைப் பெருக்கி, தண்ணீர் தெளித்து, சாவியைக் கொடுத்தார். அவர் வாங்கிக்கொண்டார். தார்ப்பாயைக் கொஞ்சம் தூக்கி மெஷின் காலைப் பார்த்தார்.

"புள்ளி இன்னும் இருக்கே" என்றார்.

"இருக்கும்ங்க" என்றேன்.

வண்டி கிளம்பியது. திருவானைக்காவலில் இறக்கி, புது இரும்புச் சட்டத்தின் மேல் உட்காரவைக்கும் முன், கம்பியை அவிழ்த்து போல்ட்டுகளைச் சாக்கின் மேல் கொட்டினேன். கோமதி அம்மா பக்கத்தில் நின்றார். இரண்டு பேரும் எண்ணினோம்.

பதினாறு.